கொமிசார் ரெக்ஸிலிருந்து சால்ஸ்பர்க் மேடை வரை: தோபியாஸ் மொரெட்டியின் நடிப்பு வாழ்க்கை

1998ஆம் ஆண்டில், ஐரோப்பாவெங்கும் விரும்பிப் பார்க்கப்பட்ட ‘கொமிசார் ரெக்ஸ்’ என்னும் ஆஸ்திரியத் துப்பறியும் தொடர் தன் கதாநாயகனைச் சாகடித்தது. வியன்னா நகரக் கொலைவழக்குப் பிரிவின் அதிகாரி ரிச்சர்ட் மோஸர், தாம் துரத்திச் சென்ற தொடர் கொலைகாரன் ஒருவனின் கையால் இறந்தார். அவருடைய நாய் ரெக்ஸ் உயிரோடு இருந்தது, தொடரும் நிற்கவில்லை. மோஸராக நடித்த தோபியாஸ் மொரெட்டிக்கு அப்போது நாற்பது வயதுகூட ஆகவில்லை. தொடரின் புகழ் மங்கியதால் அந்த முடிவு வரவில்லை. நாட்டுக்கு நாடு அது விற்பனையாகிக்கொண்டிருந்த காலம் அது. நடிகரே விலகிக்கொண்டார். ஒரே வேடத்தால் கோடிக்கணக்கானோருக்கு அறிமுகமான ஒருவர் அந்த வேடத்தை ஏன் உதறினார், உதறியபின் அந்த அறிமுகத்தை வைத்து என்ன செய்தார் என்பதை அறிய, ஆஸ்திரியத் தொலைக்காட்சி இயங்கும் முறையையும் மொரெட்டி வளர்ந்த நாடக மரபையும் சேர்த்தே பார்க்க வேண்டும்.

ஆஸ்திரியா சிறிய நாடு. தொண்ணூறுகளில் அதன் மக்கள்தொகை ஏறத்தாழ 80 லட்சம். அதே மொழி பேசும் அண்டை நாடான ஜெர்மனியின் மக்கள்தொகை 8 கோடி. ஆஸ்திரியாவின் பொதுத்துறை ஒளிபரப்பு நிறுவனமான ஓ.ஆர்.எஃப். பெருஞ்செலவில் ஒரு தொடரைத் தயாரிக்க விரும்பினால், ஜெர்மானியக் கூட்டாளி ஒருவரைச் சேர்த்துக்கொள்வது அதற்குப் பழகிய வழி. துப்பறியும் கதைகளில் இந்தக் கூட்டுறவு வெகு காலமாக நடந்துவருகிறது. 1970 நவம்பரில் ஜெர்மனியில் தொடங்கிய ‘டாட்டோர்ட்’ என்னும் வரிசையில் ஒவ்வொரு வட்டார நிலையமும் தன் நகரத்தின் காவல் அதிகாரியை முன்னிறுத்தியது. மறு ஆண்டே ஆஸ்திரியா அதில் இணைந்தது. அங்கே வியன்னாவின் சார்பில் தோன்றியவர் ஃபிரிட்ஸ் எக்கார்ட் நடித்த மாரெக் என்னும் மூத்த அதிகாரி. கனத்த உடல், நிதானமான பேச்சு, குற்றவாளியிடமும் தந்தையைப் போன்ற கண்டிப்பு என்று அவர் வடித்த உருவம் 1987 வரை நீடித்தது. எக்கார்ட் தம் கதைகளில் பலவற்றைத் தாமே எழுதவும் செய்தார்.

மாரெக்குக்கு நேர் எதிராக 1976இல் வந்தவர் கோட்டான். ஹெல்முட் ஸெங்கர் எழுத, பீட்டர் பாட்ஸாக் இயக்கிய அந்தத் தொடர் காவல்துறையையே பகடி செய்தது. முதல் ஒளிபரப்புகளின்போது கண்டனங்களும் கிளம்பின. 1983 வரை ஓடிய அதில் கோட்டானாக அடுத்தடுத்து மூன்று நடிகர்கள் தோன்றினார்கள்: பீட்டர் ஃபோகல், ஃபிரான்ஸ் புக்ரீஸர், லூக்காஸ் ரெஸெட்டாரிட்ஸ். இந்த இரு முன்னோடிகளுமே வியன்னா நகரத்தின் பேச்சுக்கும் மனப்போக்குக்கும் உரியவர்கள்; ஆஸ்திரியாவுக்கு வெளியே அவர்களை முழுமையாக ரசிக்க அந்த ஊரைக் கொஞ்சமாவது தெரிந்திருக்க வேண்டும். 1994இல் பீட்டர் ஹாயெக், பீட்டர் மோஸர் என்ற இருவரும் உருவாக்கிய ‘கொமிசார் ரெக்ஸ்’ வேறொரு கணக்கில் பிறந்தது. அதில் ஓ.ஆர்.எஃப்.புடன் கைகோத்தது ஸாட் 1 என்னும் ஜெர்மானியத் தனியார் அலைவரிசை. தனியார் அலைவரிசைக்கு விளம்பரம் வேண்டும். விளம்பரத்துக்குக் குழந்தைகள் முதல் முதியவர்கள் வரை எல்லோரும் ஒரே நேரத்தில் உட்கார்ந்து பார்க்கும் கதை வேண்டும். மொழியறியாதவருக்கும் புரியக்கூடிய ஒரு நாயும், பார்த்தவுடன் மனத்தில் பதியும் ஓர் இளம் அதிகாரியும், அஞ்சலட்டைப் படங்களைப் போன்ற வியன்னாத் தெருக்களும் அதற்குப் போதுமானவையாக இருந்தன.

அந்த இளம் அதிகாரி வேடத்துக்கு வந்தவர் வியன்னாக்காரர் அல்லர். தோபியாஸ் மொரெட்டி 1959 ஜூலை 11 அன்று, திரோல் மாநிலத்தில் இத்தாலிய எல்லையை ஒட்டிய பிரென்னர் கணவாய்க்கு அருகேயுள்ள கிரீஸ் என்னும் மலைக் கிராமத்தில் பிறந்தார். பிறப்பில் அவருடைய குடும்பப் பெயர் ப்ளோயெப். மேடைக்கு அவர் எடுத்துக்கொண்ட மொரெட்டி என்பது தாய்வழிப் பெயர். அவருடைய தம்பி கிரெகோர் ப்ளோயெப் தந்தைவழிப் பெயரிலேயே புகழ்பெற்ற நடிகராகத் திகழ்கிறார். முதல் உலகப் போருக்குப் பின் இரண்டாகப் பிளக்கப்பட்டு, தென்பாதி இத்தாலியிடம் சென்றுவிட்ட நிலம் திரோல். எல்லைக் கணவாயில் வளர்ந்த ஒருவருக்கு இரண்டு மொழிகளின் ஓசையும் இரண்டு நாடுகளின் கசப்பான நினைவுகளும் சிறு வயதிலேயே காதில் விழுந்திருக்கும். பின்னாளில் அவர் ஏற்ற வேடங்களில் மலைக்காரர்களும் எல்லைக்காரர்களும் திரும்பத் திரும்ப வருவதற்கு இந்த மண்ணும் ஒரு காரணம் என்று நான் கருதுகிறேன்.

அவர் முதலில் நாடியது இசையை. வியன்னா இசைக் கல்லூரியில் இசையாக்கம் பயின்றார். பிறகே மியூனிக் நகரத்து ஓட்டோ ஃபால்கன்பெர்க் நடிப்புப் பள்ளிக்குச் சென்றார். இந்தப் பள்ளி மியூனிக்கின் ‘கம்மர்ஷ்பீலெ’ நாடக அரங்கோடு இணைந்தது. டீட்டர் டோர்ன் தலைமையில் இயங்கிய அந்த அரங்கு, எண்பதுகளில் ஜெர்மன் மொழி நாடக உலகின் முதல் வரிசையில் இருந்தது. பவேரிய அரசு நாடகக் குழுவில் தொடங்கிய மொரெட்டி, 1986 முதல் 1995 வரை கம்மர்ஷ்பீலெ குழுவில் நிரந்தர நடிகராக இருந்தார். ஜெர்மன் மொழி நாடுகளில் நிரந்தரக் குழு என்பது மாதச் சம்பளத்துக்கு வேலை செய்யும் ஏற்பாடு. ஒரு நடிகர் இன்று ஷேக்ஸ்பியரில் முதன்மை வேடம் ஏற்பார், நாளை புதிய நாடகமொன்றில் இரண்டே காட்சிகளில் வருவார், பகலில் மூன்றாவது நாடகத்துக்கு ஒத்திகை பார்ப்பார். உடல், குரல், நினைவாற்றல் மூன்றும் அன்றாட உழைப்பில் பதப்படும் இடம் அது. தொலைக்காட்சிப் புகழ் வரும் முன்பே ஏறக்குறைய பத்து ஆண்டுகள் மொரெட்டி அந்த உழைப்பில் இருந்தார் என்பதை, அவரை நாயோடு மட்டும் நினைவில் வைத்திருப்பவர்கள் பெரும்பாலும் அறிவதில்லை.

ஆஸ்திரிய மக்களுக்கு அவர் முகம் தெரிந்தது தொண்ணூறுகளின் தொடக்கத்தில். நாடகாசிரியர் ஃபீலிக்ஸ் மிட்டெரர் எழுதிய ‘பீஃப்கெ ஸாகா’ என்னும் நான்கு பாகத் தொலைக்காட்சிப் படத்தில், திரோல் கிராமத்து இளைஞன் ஜோவாக நடித்தார். விடுமுறைக்கு வரும் ஜெர்மானியர்களின் பணத்தை நம்பிப் பிழைத்துக்கொண்டே அவர்களை வெறுக்கும் ஒரு கிராமத்தின் கதை அது. அதன் நையாண்டி ஜெர்மானியப் பயணிகளைக் காட்டிலும் திரோல்காரர்களைத்தான் ஆழமாகக் குத்தியது; சுற்றுலாவால் வாழும் மாநிலத்தில் அது பெரும் சர்ச்சையைக் கிளப்பியதில் வியப்பில்லை. சொந்த ஊர்ப் பேச்சில், சொந்த ஊரின் பேராசையைக் காட்டும் வேடத்தோடு ஒரு நடிகர் பெயர் பெறுவது அவ்வளவு எளிதான தொடக்கம் அன்று.

‘கொமிசார் ரெக்ஸ்’ 1994 நவம்பர் 10 அன்று ஸாட் 1 அலைவரிசையில் தொடங்கியது. முதல் கதையில், ரெக்ஸ் என்னும் காவல்துறை நாயின் பயிற்றுநர் பணியில் கொல்லப்படுகிறார். உணவையும் வேலையையும் மறுத்துச் சோர்ந்து கிடக்கும் நாயை, மணமுறிவால் தனித்து வாழும் மோஸர் தம் வீட்டுக்கு அழைத்துச் செல்கிறார். துணையை இழந்த இருவர் ஒருவரையொருவர் தேற்றிக்கொள்வதே தொடரின் அடித்தளம். கொலையும் விசாரணையும் அதன்மேல் எழுந்த கட்டடம். நாய் சாட்சியத்தை மோப்பம் பிடிப்பதும், சக அதிகாரிகளின் கையிலிருந்து இறைச்சி வைத்த பன்னைப் பறித்துத் தின்பதும் வாரந்தோறும் திரும்ப வந்தன. குழந்தைகள் அவற்றுக்காகக் காத்திருந்தார்கள். பெரியவர்கள் காத்திருந்தது மோஸரின் முகத்துக்காக.

நாயோடு நடிப்பது நடிகருக்கு எத்தகைய வேலை என்பதை இங்கே விளக்கியாக வேண்டும், ஏனெனில் மொரெட்டியின் திறமை இங்கேதான் குறைத்து மதிப்பிடப்படுகிறது. படப்பிடிப்பில் நாய் உண்மையில் நடிகரைப் பார்ப்பதில்லை. கேமராவுக்குப் பின்னால் நின்று சைகை காட்டும் பயிற்றுநரைப் பார்க்கிறது. ரெக்ஸாக நடித்த ரெஜினால்ட் ஃபொன் ராவன்ஹோர்ஸ்ட் என்னும் ஜெர்மன் ஷெப்பர்டைப் பழக்கியவர் அமெரிக்கரான தெரேசா ஆன் மில்லர். திரைப்பட விலங்குகளைப் பழக்குவதில் புகழ்பெற்ற கார்ல் லூயிஸ் மில்லரின் மகளான அவர், பின்னாளில் ‘வெள்ளைக் கடவுள்’ என்னும் ஹங்கேரியப் படத்தின் நாய்களையும் பழக்கினார். ஒரு காட்சியைப் பத்து முறை எடுத்தால், நாய் சரியாகச் செய்த ஒரு முறைதான் படத்தொகுப்புக்குப் போகும். அது எந்த முறை என்று முன்கூட்டியே யாருக்கும் தெரியாது. ஆகவே நடிகர் பத்து முறையும் உணர்ச்சி குன்றாமல், புதிதாகச் செய்வதைப் போலவே செய்தாக வேண்டும். தம்மைப் பார்க்காத ஓர் உயிரிடம் பேசி, அது தமக்குப் பதில் சொல்கிறது என்று பார்ப்பவரை நம்பவைக்க வேண்டும். உரையாடலின் பாதியைத் தாமே கற்பனை செய்துகொண்டு, அதன் தாளத்தையும் தாமே காக்க வேண்டும். இசை பயின்றவரும் பல ஆண்டு மேடையில் நின்றவருமான ஒருவர் அந்த இடத்தில் இல்லாமல் போயிருந்தால், நாய் வித்தைகளின் தொகுப்பாகவே அந்தத் தொடர் முடிந்திருக்கும். மோஸர் நாயிடம் உரத்துப் பேசுவதில்லை, குழைவதும் இல்லை. தம்மைவிடக் கூர்மையான சக ஊழியர் ஒருவரிடம் பேசும் தொனியில் பேசுகிறார். நகைச்சுவை பிறப்பதும் நம்பகத்தன்மை நிலைப்பதும் அந்தத் தொனியில்தான்.

தொடரின் மற்ற பாத்திரங்களும் வலுவானவை. வொல்ஃப் பக்ஹோஃப்னர், ஹைன்ஸ் வைக்ஸல்பிரவுன் ஆகியோரோடு, முதிய அதிகாரியாக வியன்னா மேடையின் மூத்த கலைஞர் ஃபிரிட்ஸ் முலியார் தோன்றினார். எல்லோரையும்விடத் தனித்து நின்றவர், கண்டிப்பும் கூச்சமும் கலந்த ஷ்டோக்கிங்கராக நடித்த கார்ல் மார்க்கோவிச். மொரெட்டிக்கும் முன்பே விலகியவர் அவர். அவருடைய பாத்திரம் அவ்வளவு விரும்பப்பட்டதால், 1996இல் அவரைச் சால்ஸ்பர்க் பகுதிக்கு மாற்றி, ‘ஷ்டோக்கிங்கர்’ என்ற பெயரிலேயே தனித் தொடர் எடுத்தார்கள். அது 14 கதைகளோடு முடிந்தது. 1963இல் வியன்னாவில் பிறந்த மார்க்கோவிச் அதன்பின் சென்ற தூரம் வியக்கத்தக்கது. நாஜி வதைமுகாமில் கள்ள நோட்டு அச்சடிக்கப் பணிக்கப்பட்ட கைதிகளைப் பற்றி ஸ்டெஃபான் ருஸோவிட்ஸ்கி இயக்கிய ‘கள்ள நோட்டுக்காரர்கள்’ படத்தில் அவரே நாயகர். 2008இல் அந்தப் படம் சிறந்த வேற்றுமொழிப் படத்துக்கான ஆஸ்கர் விருதைப் பெற்றது. 2011இல் ‘மூச்சு’ என்னும் படத்தை எழுதி இயக்கி, கான் விழாவின் இயக்குநர்கள் பிரிவில் திரையிட்டார். ஒரே துப்பறியும் தொடரின் ஓர் அலுவலக அறையிலிருந்து இத்தகைய இருவர் புறப்பட்டது தற்செயல் என்று தோன்றவில்லை. மேடையில் தேறிய நடிகர்களைப் பொழுதுபோக்குத் தொடருக்குத் துணிந்து அழைப்பதும், அவர்கள் அதை இழிவாக எண்ணாமல் ஏற்பதும் ஆஸ்திரியாவில் வழக்கமாக இருப்பதுதான் இதற்கு அடிப்படை.

மொரெட்டி விலகியதும் கெடியோன் புர்க்ஹார்ட் நடித்த அலெக்சாண்டர் பிராண்ட்னர் நாயின் புதிய தோழரானார். அவருக்குப் பின் அலெக்சாண்டர் பிஷில் வந்தார். வியன்னாவில் தொடர் 2004இல் நின்றது. இத்தாலிய அலைவரிசையான ராய் அதை எடுத்து, 2008 முதல் ரோம் நகரத்தில் இத்தாலிய அதிகாரிகளோடு தொடர்ந்தது. 2019இல் கனடாவின் நியூஃபவுண்ட்லாந்தில் அதன் தழுவல் பிறந்தது. இந்த நீண்ட ஆயுள் நடிகருக்கு ஒரு கசப்பான செய்தியையும் சொல்கிறது: மனிதர் மாறலாம், நாயின் பெயர் மாறக்கூடாது. தம் முகத்தால் உயர்ந்த ஒரு தொடரில் தாம் எளிதில் மாற்றத்தக்கவர் என்பதை ஒரு நடிகர் உணர்ந்துவிட்டால், அவர் முன் இரண்டு வழிகளே இருக்கின்றன. அந்த வேடத்தோடு முதுமை அடையலாம். இல்லாவிட்டால் வேடம் தம்மை விழுங்கும் முன் வெளியேறலாம். மொரெட்டி இரண்டாவதைத் தேர்ந்தார்.

அவர் விலகிய ஆண்டிலேயே வெளிவந்த படமொன்று இந்தத் தேர்வை விளங்கவைக்கிறது. மரீ ஃபொன் எப்னர்-எஷன்பாக் எழுதிய பத்தொன்பதாம் நூற்றாண்டுச் சிறுகதையான ‘க்ராம்பாம்புலி’யை ஸேவர் ஷ்வார்ட்சென்பெர்கர் தொலைக்காட்சிப் படமாக இயக்கினார்; அதில் மொரெட்டி நடித்தார். இரண்டு எஜமானர்களுக்கிடையே மனம் கிழிபட்டு அழியும் ஒரு நாயின் கதை அது. ஆஸ்திரியப் பள்ளிப் பிள்ளைகள் தலைமுறை தலைமுறையாகப் படித்துவந்தது. நாயோடு நடிப்பதை அவர் வெறுத்திருந்தால் இந்தப் படத்துக்கு ஒப்பியிருக்க மாட்டார். வாரந்தோறும் அதே மனிதராக, அதே வகை முடிவை நோக்கி நடிப்பதைத்தான் அவர் நிறுத்திக்கொண்டார் என்று இதிலிருந்து புரிகிறது.

அடுத்து வந்த வேடங்கள் திட்டமிட்டுக் கோத்தவை போலவே தெரிகின்றன. 2002இல், மீண்டும் ஷ்வார்ட்சென்பெர்கர் இயக்கத்தில், அந்திரேயாஸ் ஹோஃபராக நடித்தார். 1809இல் நெப்போலியனின் படைகளுக்கும் அவற்றோடு சேர்ந்த பவேரியருக்கும் எதிராகத் திரோல் உழவர்களைத் திரட்டிப் போரிட்டு, மறு ஆண்டு மான்டுவாவில் சுட்டுக்கொல்லப்பட்ட விடுதி உரிமையாளர் ஹோஃபர். திரோலில் அவர் சிலையாகவும் பாட்டாகவும் வாழ்பவர். அந்த மாநிலத்து நடிகர் ஒருவர் அவரை ஏற்பது கோயில் விக்கிரகத்தைத் தொடுவதைப் போன்றது. சிறிது பிசகினாலும் ஊர் மன்னிக்காது. 2005இல், ஹைன்ரிஷ் பிரெலோயர் எடுத்த ‘ஷ்பேரும் அவரும்’ என்னும் தொலைக்காட்சித் தொடரில் ஹிட்லராகத் தோன்றினார். ஸெபாஸ்டியன் கோஹ் நடித்த கட்டடக் கலைஞர் ஆல்பெர்ட் ஷ்பேர், சர்வாதிகாரியின் அன்பில் எப்படி மயங்கினார் என்பதே அதன் பொருள். ஆகவே மொரெட்டியின் ஹிட்லர் மயக்கக்கூடியவராக இருந்தாக வேண்டியிருந்தது. நாயிடம் இதமாகப் பேசிய குரலை மக்கள் மறந்திராத காலத்தில், அந்தக் குரலின் இதத்தையே அச்சுறுத்தலாக மாற்றிக் காட்டும் வேலை அது.

அதே 2005ஆம் ஆண்டு, ஆஸ்திரியாவின் சால்ஸ்பர்க் நகரத்தில் கோடைதோறும் நடக்கும் நாடக, இசை விழாவில், மார்ட்டின் குஷெய் இயக்கிய, ஆஸ்திரிய நாடகாசிரியர் கிரில்பார்ட்ஸரின் ‘ஒட்டோகார் மன்னரின் வாழ்வும் வீழ்வும்’ நாடகத்தில் ஒட்டோகாராக மேடையேறினார். 1825இல் முதன்முதலாக அரங்கேறிய இந்த நாடகம் ஆஸ்திரியர்களுக்குத் தேசிய நாடகம் போன்றது. செருக்கால் உயர்ந்து, 1278இல் ஹாப்ஸ்பர்க் அரச குலத்து ருடோல்ஃபிடம் தோற்று மடிந்த பொஹீமிய மன்னரின் கதை வழியே ஹாப்ஸ்பர்க் அரசின் தொடக்கத்தை அது கொண்டாடுகிறது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் புதுப்பித்த வியன்னாவின் புர்க் நாடக அரங்கம் 1955இல் மீண்டும் திறக்கப்பட்டபோது நடிக்கப்பட்டதும் இதுவே. குஷெய் அந்தக் கொண்டாட்டத்தை ஐயத்தோடு அணுகுபவர். அவர் கையில் ஒட்டோகார் வேடம் கிடைத்த பிறகு, மொரெட்டியைத் தொலைக்காட்சி நடிகர் என்று ஒதுக்கிப் பேச நாடக விமர்சகர்களுக்கு இடம் இல்லாமல் போனது. 2009இல் அதே புர்க் அரங்கில், கோயெத்தெயின் நாடக நாயகன் ஃபவுஸ்டாகவும் நின்றார்.

ஆயினும் இந்த வாழ்க்கையின் நடுமுள் எது என்று கேட்டால், 2010இல் வந்த ஒரு படத்தையே நான் காட்டுவேன். அது வெற்றிப் படம் அன்று. ஆஸ்கர் ரோலர் இயக்கிய அந்தப் படத்தில் மொரெட்டி ஏற்றது ஃபெர்டினாண்ட் மரியான் என்னும் உண்மை நடிகரின் வேடம். 1902இல் வியன்னாவில் பிறந்த மரியான், நாஜிப் பிரசார அமைச்சர் கோயபல்ஸின் வற்புறுத்தலுக்குப் பணிந்து, ஃபைட் ஹார்லான் 1940இல் எடுத்த ‘யூதன் ஸூஸ்’ என்னும் யூத வெறுப்புப் பிரசாரப் படத்தில் முதன்மை வேடம் ஏற்றார். அவர் நன்றாகவே நடித்தார். கேடும் அதனாலேயே பெருகியது. கொலைப் பணிக்கு அனுப்பப்பட்ட எஸ்.எஸ். என்னும் நாஜிப் படையினருக்கும் காவலர்களுக்கும் அந்தப் படம் திரையிட்டுக் காட்டப்பட்டது. போருக்குப் பின் 1946இல் மரியான் கார் விபத்தில் இறந்தார். ஒரே வேடம் ஒரு நடிகரின் பெயரையும் மனத்தையும் எப்படி அழித்தது என்ற இந்தக் கதையை, ஒரே வேடத்தால் புகழ்பெற்று அதிலிருந்து விடுவித்துக்கொண்ட ஒருவர் நடித்தார். பெர்லின் திரைப்பட விழாவில் அதற்குக் கண்டனக் கூச்சல் எழுந்தது. மரியானின் மனைவிக்கு இல்லாத யூதப் பூர்வீகத்தைக் கற்பித்து, அவருடைய பணிவுக்கு ஒரு சாக்கு தேடித் தருகிறது என்று விமர்சகர்கள் குற்றம் சாட்டினார்கள். அந்தக் குற்றச்சாட்டு நியாயமானது. வரலாற்றை வளைத்த திரைக்கதையின் பிழை அது. நடிப்பைப் பொறுத்தவரை, தம் கவர்ச்சியைத் தாமே ரசிக்கும் பலவீனமான மனிதர் ஒருவர், பாராட்டின் வழியாகவே படிப்படியாக விலைபோவதை மொரெட்டி காட்டிய விதம் நினைவில் நிற்பது.

2014இல் ஆந்திரேயாஸ் ப்ரோஹாஸ்கா இயக்கிய ‘இருண்ட பள்ளத்தாக்கு’ அவரை மலைக்குத் திரும்ப அழைத்தது. தாமஸ் வில்மான் எழுதிய நாவலைத் தழுவி, தென்திரோலின் ஷ்னால்ஸ் பள்ளத்தாக்கில் எடுத்த படம் அது. ஒரு கிராமத்தையே அடக்கி ஆளும் பண்ணைக்காரரின் மூத்த மகன் ஹான்ஸ் பிரென்னராக மொரெட்டி வருகிறார். அதிகம் பேசாத பாத்திரம். கொடுமையைச் செய்துகொண்டே அதன் முடிவு நெருங்குவதையும் உணர்ந்திருக்கும் மனிதர். சிறந்த துணை நடிகருக்கான ஜெர்மன் திரைப்பட விருது அவருக்குக் கிடைத்தது. என் பார்வையில் அவருடைய திரை நடிப்பின் உச்சம் இதுவே. மோஸரை அறிந்தவர்கள் அடுத்ததாகப் பார்க்க வேண்டிய படமும் இதுதான். பின்னர் ‘பேட் பேங்க்ஸ்’ என்னும் வங்கி உலகத் தொடரிலும், போருக்குச் செல்ல மறுத்து 1943இல் கொல்லப்பட்ட ஆஸ்திரிய உழவர் ஃபிரான்ஸ் யாகர்ஷ்டெட்டரைப் பற்றி அமெரிக்க இயக்குநர் டெரென்ஸ் மாலிக் 2019இல் எடுத்த படத்திலும் தோன்றினார். மாலிக்கின் படத்தில் அவர் ஊர்ப் பாதிரியார். உழவரின் மனச்சான்றைப் புரிந்துகொண்டும் அவருக்குத் துணை நிற்கத் துணியாதவர்.

இடையில் இசையையும் அவர் கைவிடவில்லை. மொஸார்ட்டின் ‘போலித் தோட்டக்காரி’யை 2006இல் ஸூரிக்கிலும், ஹைடனின் ‘நிலவுலகம்’ என்னும் ஆப்பராவை 2009இல் வியன்னாவிலும் இயக்கினார். இரண்டுக்கும் இசை நடத்தியவர் நிக்கோலாஸ் ஹார்னன்கூர்ட். இசைக் குறிப்பைப் படிக்கத் தெரிந்த நாடக இயக்குநர்கள் அரிது என்ற நிலையில், இசையாக்கம் பயின்றவரை ஹார்னன்கூர்ட் விரும்பி அழைத்ததில் வியப்பில்லை. தொழிலுக்கு வெளியே அவர் முறையாக வேளாண்மை பயின்றவர். இசைக் கலைஞரான மனைவி யூலியாவோடும் மூன்று பிள்ளைகளோடும் திரோலில் பண்ணை வைத்து வாழ்ந்துவருகிறார். நேர்காணல்களில் இந்தப் பண்ணை அளவுக்கு மீறிப் பேசப்படுகிறது என்றாலும், எந்த வேடத்தையும் மறுக்கும் சுதந்திரத்தை ஒரு நடிகருக்குத் தருவது வேறொரு வாழ்வு கையில் இருப்பதுதான் என்பதை மறுக்க முடியாது.

2017இல் சால்ஸ்பர்க் விழா ‘யேடர்மான்’ நாடகத்தின் நாயக வேடத்தை அவரிடம் ஒப்படைத்தது. ஹூகோ ஃபொன் ஹோஃப்மன்ஸ்டாலின் இந்த நாடகத்தை மாக்ஸ் ரைன்ஹார்ட் 1920இல் பேராலயச் சதுக்கத்தில் அரங்கேற்றியதோடுதான் அந்த விழாவே தொடங்கியது. செல்வந்தர் ஒருவரைச் சாவு வந்து அழைக்கிறது. நண்பர்களும் உறவினர்களும் பொருளும் அவரைக் கைவிடுகின்றன. அலெக்சாண்டர் மொய்ஸி, அட்டிலா ஹோர்பிகர், குர்ட் யூர்கென்ஸ், மாக்ஸிமிலியான் ஷெல், கிளவுஸ் மரியா பிரண்டவர் என்று இந்த வேடத்தை ஏற்றோரின் பட்டியல் ஜெர்மன் மொழி நடிப்பின் வரலாறாகவே நீள்கிறது. மொரெட்டி இதே நாடகத்தில், 2000களின் தொடக்கத்தில், பீட்டர் ஸிமோனிஷெக் நாயகராக நடித்தபோது நல்ல தோழனாகவும் சாத்தானாகவும் வந்தவர். இப்போது மைக்கேல் ஷ்டுர்மிங்கர் இயக்கத்தில் நாயகரான அவர், முந்தைய யேடர்மான்களின் உரத்த களியாட்டத்தைக் குறைத்து, நலம் குன்றத் தொடங்கிய, தனக்கு நேர்வதை முன்பே ஓரளவு உணர்ந்துவிட்ட மனிதராக அந்தச் செல்வந்தரை நடித்தார். 2020இல் விழாவுக்கு நூறு ஆண்டு நிறைந்தது. கொரோனாப் பெருந்தொற்றால் ஐரோப்பாவின் பெரும்பாலான கோடை விழாக்கள் ரத்தாகிவிட்ட அந்த ஆண்டில், சால்ஸ்பர்க் நிகழ்ச்சிகளையும் இருக்கைகளையும் குறைத்துக்கொண்டு விழாவை நடத்தியது. அந்தக் கோடையிலும் சாவு வந்து பெயர் சொல்லி அழைத்த மனிதராக மேடையில் நின்றவர் மொரெட்டி. மறு ஆண்டு அந்த வேடம் பெர்லின் நடிகர் லார்ஸ் ஐடிங்கரிடம் சென்றது.